ஒரு ‘சரிங்க’வும் ஒன்றரை நிமிடமும்

அந்த ஒன்றரை நிமிடத்தை வெட்டி எறிய எங்களுக்கு ஒரு மடக்கு டீ குடிக்கும் நேரம்கூட ஆகவில்லை. போடி பஜாரில் ஒரு ஏலக்காய்க் கடையின் மாடியில் இருந்தது எடிட்டர் அக்காவின் ஸ்டுடியோ. கீழே ஏலக்காய் ரகம் பிரிப்பார்கள். மேலே கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருக்கும் எங்கள் மூக்கில் அந்த வாசனை ஏறிக்கொண்டே இருக்கும். திரையில் பத்துப் பதினைந்து பேர் மரத்தடியில் பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். ஒரு நாய் குறுக்கே நடந்து போனது. அக்கா வலது கையை கீபோர்டிலும் இடது கையை டீ டம்ளரிலும் வைத்துக்கொண்டு, “ஆத்தா, இங்கன எல்லாரும் சும்மாவே உக்காந்திருக்காக. வெட்டிரவா?” என்று கேட்டார். “வெட்டுங்கக்கா” என்று சொன்னேன். சொன்னது நான்தான். இதை முதலிலேயே எழுதிவிடுவது நல்லது, ஏனென்றால் பின்னால் அக்கா பழியைத் தன் தலையில் போட்டுக்கொள்ளப் பார்த்தார்.

அக்கா கல்யாண வீடியோக்காரர். பஜாரில் பாத்திரக்கடை வைத்திருந்த கிறிஸ்தவக் குடும்பத்துப் பெண். கணவர் கேமராவோடு மண்டபம் மண்டபமாக அலைய, எடுத்து வந்ததையெல்லாம் உட்கார்ந்து வெட்டி ஒட்டிய கை அக்காவுடையது. தேனியிலிருந்து கம்பம் வரைக்கும் அந்தக் கை வெட்டாத கல்யாணம் குறைவு. தாலி கட்டுகிற நேரத்தில் எந்தச் சித்தப்பா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நிற்கிறார், எந்த நாத்தனார் வேண்டுமென்றே தாமதமாக மேடை ஏறுகிறாள் என்பதெல்லாம் அக்காவுக்கு ஒரே பார்வையில் தெரிந்துவிடும். தெரிந்ததும் வெட்டிவிடுவார். “அவுக சண்டைய அவுக வீட்டுல வச்சுக்கிரட்டும், என் வீடியோவுல எதுக்கு?” என்பார். ஆனால் வெட்டியதை ஒருபோதும் அழிக்கமாட்டார். மர பீரோ நிறைய ஹார்ட் டிஸ்க்குகள், ஒவ்வொன்றின் மேலும் ஸ்கெட்ச் பேனாவால் மணப்பெண்களின் பெயர்கள். எட்டு வருடம் கழித்து யாராவது வந்து, “எங்கப்பா பந்தி விசாரிச்சுக்கிட்டு நிப்பாக, அது இருக்குமாக்கா?” என்று கண் கலங்கிக் கேட்பார்கள். அக்கா பீரோவைத் திறப்பார். இப்போது மதுரையில் மகள் வீட்டில் இருக்கிறார். அந்த பீரோவும் கூடவே போயிருக்கிறது. மகளுக்கு அதில் கொஞ்சம் எரிச்சல்தான்.

எனக்கு ஊர் ராயப்பன்பட்டி. சென்னையில் படித்து, அங்கேயே சில வருடம் ஆவணப்பட வேலை பார்த்துவிட்டு, சொந்தப் பக்கத்திலேயே ஒரு படம் எடுக்கவேண்டும் என்று திரும்பி வந்திருந்தேன். வருசநாட்டுக்கு மேலே காட்டோரத்தில் முப்பது வீடு உள்ள ஒரு பளியர் பழங்குடிக் குடியிருப்பு. அதன் தலைக்கு மேல் ஒரு பெரிய பாறைமலை. அந்தப் பாறையில் வருடம் தவறாமல் மலைத்தேனீ வந்து அடை கட்டும். தேன் எடுப்பது அவர்களுடைய பிழைப்பு. ஊற்றுத் தண்ணீரும் அந்தப் பாறைக்கு அடியிலிருந்துதான் வருகிறது. அந்த மலையைக் கல்குவாரிக்குக் கேட்டு ஒரு குத்தகைதாரர் மனுப் போட்டிருந்தார். குடியிருப்புக்காரர்கள் ஒத்துக்கொண்டால் அவருக்கு முக்கால்வாசி வேலை முடிந்த மாதிரி. இதைத்தான் நான் படமாக எடுத்தேன். சென்னை எடிட்டர் யாருக்கும் அந்த மலைப்பேச்சு புரியாது, நம்ம ஊர் ஆள்தான் வேண்டும் என்று அக்காவிடம் போனேன். எங்கள் இரண்டு பேருக்கும் அந்தப் பேச்சு நன்றாகப் புரிகிறது என்பதில் எனக்குக் கொஞ்சமும் சந்தேகம் இல்லாமல் இருந்தது. அந்த நம்பிக்கையை நினைத்தால் இன்றைக்கும் காது சூடாகிறது.

குடியிருப்பில் எல்லாரும் ஒருவரை மூப்பர் என்று கூப்பிட்டார்கள். பெயரைப் பார்த்துத் தாடி நரைத்த கிழவரை எதிர்பார்த்துப் போனேன். அவருக்கு நாற்பது வயதுகூட இருக்காது. ஊருக்காகப் பேசுகிறவர் என்று பெயரே தவிர, பேச்சு ரொம்பக் குறைவு. குத்தகைதாரரின் ஆள் ஒருநாள் காலையில் ஜீப்பில் வந்தார். நாங்கள் கேமராவை வைத்திருந்தோம். அவர் அதைப் பொருட்படுத்தவில்லை, சந்தோஷப்பட்டார் என்றுகூடச் சொல்லலாம். யாரோ ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைக் கொண்டுவந்து போட்டார்கள். அதில் உட்கார்ந்து ரோடு வரும், வேலை வரும், பிள்ளைகள் படிக்க வசதி வரும் என்று அடுக்கிக்கொண்டே போனார். ரொம்ப நயமாகத்தான் பேசினார். கடைசியில், “என்ன மூப்பரே, எல்லாம் ஒங்க நல்லதுக்குத்தான சொல்றேன். சரிதான?” என்று நிறுத்தினார்.

மூப்பர் பதில் சொல்லவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். யாரும் பேசவில்லை. ஒரு பெண் வீட்டுக்குள் போய் ஒரு செம்பில் தண்ணீர் கொண்டுவந்து அந்த ஆளுக்குக் கொடுத்தாள். அவர் குடித்தார். நாய் குறுக்கே போனது. என் கேமராமேன் ‘நிறுத்தட்டுமா’ என்று கண்ணால் கேட்டார். நான் தலையசைத்து ஓடட்டும் என்றேன். அதற்கு மட்டும் நான் என்னைப் பாராட்டிக்கொள்ளலாம். பிறகு மூப்பர் நிமிர்ந்து, “சரிங்க” என்றார். அப்புறம் எழுந்தார். வேட்டியைத் தட்டிக்கொண்டு காட்டுப்பக்கம் நடந்தார். ஒருவர் பின் ஒருவராக மற்றவர்களும் எழுந்து போனார்கள். நாற்காலியில் அந்த ஆள் மட்டும் செம்பைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

அக்காவின் கையில் இந்தக் காட்சி எப்படி ஆயிற்று என்றால், “சரிதான?” என்ற கேள்வி, அடுத்த நொடியே “சரிங்க”, அதற்கு அடுத்த ஷாட் வேறொரு ஊரில் பாதி தின்னப்பட்ட ஒரு குவாரி மலை. எல்லாரும் எழுந்துபோன காட்சியும் படத்தில் இல்லை. அந்தக் குவாரி ஷாட்டின் மேல் என் குரலில் ஒரு வாக்கியம் வரும்: ‘ஒரே ஒரு சொல்லில் ஒரு மலை கைமாறியது.’ அந்த வாக்கியத்தை எழுதிய அன்று நான் அடைந்த பெருமையைச் சொல்லி மாளாது. அக்காவிடம் மூன்று முறை வாசித்துக் காட்டினேன். “நல்லாருக்கு ஆத்தா, சுருக்குன்னு இருக்கு” என்றார். வேறு வழியில்லாத மனிதர்கள் எப்படித் தலையாட்ட வைக்கப்படுகிறார்கள் என்று காட்டிவிட்டதாக நாங்கள் இருவருமே நினைத்தோம். தேனியில் ஒரு கல்லூரி அரங்கில் படத்தைத் திரையிட்டபோது அந்த இடத்தில் ஒரு பெருமூச்சு எழுந்தது. பிறகு யூடியூபில் ஏற்றினோம்.

இரண்டு மாதம் போயிருக்கும். குத்தகைதாரர் தரப்பு தன்னுடைய மனுவோடு ஒரு வீடியோவை இணைத்திருப்பதாகத் தெரிந்தது. எங்கள் படத்திலிருந்து எடுத்த துண்டு. ‘குவாரியை எதிர்த்து எடுக்கப்பட்ட படத்திலேயே ஊர்த்தலைவர் சம்மதம் தெரிவிக்கிறார், படத்தை எடுத்தவரே மலை கைமாறியதாகக் கூறுகிறார்’ என்று எழுதியிருந்தார்கள். என் வாக்கியத்தை ஒரு எழுத்துப் பிசகாமல் மேற்கோள் குறிக்குள் போட்டிருந்தார்கள். அந்த மனுவின் நகலைப் படித்துவிட்டு நான் உட்கார்ந்தது மயிலாடும்பாறை பஸ் நிறுத்தத்தில். இரண்டு பஸ் போன பிறகும் எழுந்திருக்க முடியவில்லை. மலையை எழுதிக் கொடுத்தது மூப்பர் இல்லை, நான்தான் என்று தோன்றியது.

மறுநாள் குடியிருப்புக்குப் போய் மூப்பரிடம் மனுவைப் படித்துக் காட்டினேன். கோபப்படுவார் என்று பயந்தேன். அவர் கோபப்படவில்லை, குழம்பித்தான் போனார்.

“நான் எப்பம்மா ஒத்துக்கிட்டேன்?”

“சரிங்கன்னு சொன்னீகளே மூப்பரே.”

“அவுக பேசி முடிச்சாக. பேசி முடிச்சவுகளுக்குச் சரின்னு சொல்லணுமில்ல? வீடு தேடி வந்தவுக மொகத்துக்கு நேரா வேண்டாம்னு எப்பிடிச் சொல்றது?” பிறகு என்னைப் பார்த்து நிஜமாகவே தெரிந்துகொள்ள விரும்பி ஒரு கேள்வி கேட்டார். “அப்பறம் நாங்க எல்லாரும் எந்திரிச்சுப் போனோமில்ல? அத நீங்க எடுக்கலையா?”

எடுத்திருந்தோம். எடுத்து, பார்த்து, ஒரு மடக்கு டீயோடு வெட்டியிருந்தோம்.

ஒன்றரை வருடம் அவர்களோடு பழகியும் எனக்குத் தெரியாமல் போன விஷயம் இதுதான். ‘வேண்டாம்’ என்பது அவர்கள் வாயால் சொல்கிற சொல் இல்லை, காலால் சொல்கிற சொல். இத்தனைக்கும் நாமும் இதைச் செய்கிறவர்கள்தான். கம்பத்தில் பெண் பார்த்துவிட்டுப் பிடிக்கவில்லை என்றால் யார் அங்கேயே சொல்கிறார்கள்? ‘ஊருக்குப் போய்த் தகவல் சொல்றோம்’ என்று காபியைக் குடித்துவிட்டு எழுந்து வருகிறோம். பெண் வீட்டாரும் புரிந்துகொள்கிறார்கள். நம் வீட்டு மரியாதை நமக்குப் புரிகிறது. காட்டோரத்தில் ஒருவர் அதையே செய்தால் விவரம் தெரியாமல் தலையாட்டிவிட்டார் பாவம் என்று உச்சுக்கொட்டுகிறோம். நான் உச்சுக்கொட்டியதோடு நிற்காமல் அதற்குப் பின்னணி இசையும் போட்டிருந்தேன்.

அங்கிருந்து நேராக அக்காவின் ஸ்டுடியோவுக்கு வந்து எல்லாவற்றையும் சொன்னேன். அக்கா எழுந்து போய் பீரோவைத் திறந்தார். நூற்றுக்கணக்கான மணப்பெண்களுக்கு நடுவில் எங்கள் படத்தின் டிஸ்க்கும் இருந்தது. அதன் மேல் ‘பாறை’ என்று எழுதி, பழக்கதோஷத்தில் ‘செல்வி’ என்று முன்னால் சேர்த்திருந்தார். வேறு ஒரு நாளாக இருந்தால் சிரித்திருப்பேன். அந்தக் காட்சியை முழுவதுமாக ஓடவிட்டோம். கேள்வி. மௌனம். செம்பு. நாய். ‘சரிங்க.’ ஒவ்வொருவராக எழுந்து போவது. நாற்காலியில் தனியாக அந்த ஆள். அக்கா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “மேடையில ஆரும் பேசாம நின்னா அது வேஸ்டுன்னு வெட்டியே பழகுன கையி ஆத்தா இது. மொகத்த மொகத்தப் பாத்த நான், இவுக மொகத்தப் பாக்காமப் போயிட்டேனே” என்றார். அவர் அழுது நான் பார்த்தது அந்த ஒருமுறைதான்.

அழுகை முடிந்ததும் அக்காவுக்கு ஒரு வேகம் வந்தது. “மூப்பரு வேற எங்கனயாச்சும் சரின்னு சொல்லிருக்காகளா? இருக்கிறது அம்புட்டையும் எடு” என்றார். நான்கு நாள் உட்கார்ந்து தேடினோம். ‘நாளைக்கு ஏழு மணிக்குப் பாறைக்கு வந்துருங்க’ என்று நான் சொல்கிறேன், “சரிங்க” என்கிறார். மறுநாள் ஏழு மணிக்குப் பாறை மட்டும் இருக்கிறது, அவர் இல்லை. ‘கொஞ்சம் பழைய சட்டையாப் போட்டுக்கிட்டா நல்லாருக்கும்’ என்று என் கேமராமேன் சொல்கிறார், “சரிங்க.” அடுத்த காட்சியில் மடிப்புக் கலையாத புதுச்சட்டையில் வந்து நிற்கிறார். தேன் இல்லாத காலத்தில் கேமராவுக்காகக் காட்டுக்கொடியைக் கயிறாகக் கட்டிப் பாறையில் இறங்கிக் காட்டச் சொல்கிறேன். “சரிங்க” என்று சொல்லிவிட்டு மரத்தடியில் போய்ப் படுத்துவிடுகிறார். இதையெல்லாம் எடுத்த அன்று ‘ஒத்துழைக்கவில்லை’ என்று குறிப்பு நோட்டில் எழுதி வைத்திருந்தேன். ஒரே ஒரு துண்டு வேறு மாதிரி இருந்தது. ஊற்று எங்கே என்று காட்டமுடியுமா என்று கேட்கிறேன். அவர் வாயே திறக்கவில்லை. அரிவாளை எடுத்துக்கொண்டு முன்னால் நடக்கிறார். சம்மதம் என்றால் இப்படித்தான் இருக்கும் என்று அக்கா திரையைத் தொட்டுக் காட்டினார். கல்யாணத்துக்கு ஹைலைட்ஸ் போடுவதுபோல அத்தனை ‘சரிங்க’வையும், அதற்குப் பிறகு நடந்ததோடு சேர்த்து, வரிசையாகக் கோத்தார். எந்தத் துண்டுக்குள்ளும் ஒரு வெட்டு இல்லை, ஒரு இசை இல்லை.

இதில் அக்காவுக்கு ஒரு சிக்கல் இருந்தது. குத்தகைதாரரின் சொந்தபந்தம் முழுக்க அவருடைய வாடிக்கைக்காரர்கள். குவாரி மனுவின் மேல் அதிகாரி வைத்திருந்த விசாரணைக்கு அக்கா வந்து நின்றால் அந்த வீட்டுக் கல்யாணங்கள் இனி இந்த மாடிக்கு வராது. “நீங்க வரவேண்டாம்க்கா, டிஸ்க்க மட்டும் குடுங்க” என்றேன். “வெட்டுனவ வராம, ஒட்டுனத மட்டும் அனுப்பிவிடச் சொல்றியா? அவுக வீட்டுல எல்லாருக்கும் கல்யாணம் முடிஞ்சு போச்சு, போ” என்றார். அது பொய். அடுத்த தை மாதத்துக்கே அந்த வீட்டில் ஒரு கல்யாணம் இருந்தது. அது வேறு ஸ்டுடியோவுக்குப் போனது.

விசாரணை நாளில் ஒரு நீளமான அறை. மேசைக்கு அந்தப் பக்கம் அதிகாரி, பக்கத்தில் எழுத்தர். இந்தப் பக்கம் குத்தகைதாரரின் வக்கீல். மூப்பரும் குடியிருப்பிலிருந்து ஏழெட்டுப் பேரும் சுவரோரம் நின்றார்கள். உட்காரச் சொன்னபோது மூப்பர் “சரிங்க” என்று சொல்லிவிட்டு நின்றுகொண்டே இருந்தார். முதலில் வக்கீல் தன்னிடமிருந்த வீடியோத் துண்டைப் போட்டுக் காட்டினார். பத்து நொடிதான். என் குரல் அந்த அறையில் கணீரென்று ஒலித்தது. அதிகாரி அக்காவைப் பார்த்து, “இதை எடிட் பண்ணினது நீங்களாம்மா?” என்று கேட்டார். “ஆமா சார். நாந்தான் வெட்டுனேன், தப்பு என்னோடது” என்றார் அக்கா. நான் எழுந்துவிட்டேன். “வெட்டச் சொன்னது நான் சார். அந்த வாக்கியத்தை எழுதினதும் நான். அது பொய்யான வாக்கியம்” என்றேன். அத்தனை பேர் முன்னால் என் படத்தைப் பற்றி அப்படிச் சொல்வேன் என்று நானே நினைத்ததில்லை. சொன்னதும் நெஞ்சு லேசாகிப்போனது.

அக்கா முழுக் காட்சியை ஓடவிட்டார். அந்த ஒன்றரை நிமிடம் ஒரு அலுவலக அறையில் எவ்வளவு நீளம் என்பதை அன்றுதான் உணர்ந்தேன். எழுத்தர் பேனாவை மூடித் திறந்தார். வக்கீல், “இதுல என்ன இருக்கு சார், சும்மா உக்காந்திருக்காங்க. கொஞ்சம் ஓட்டுங்க” என்றார். “ஓட்டவேண்டாம்” என்றார் அதிகாரி. பிறகு ‘சரிங்க’ வரிசை ஓடியது. ஏழு மணிக்கு வெறும் பாறையைக் கண்டதும் அதிகாரியின் உதட்டோரம் லேசாகச் சிரிப்பு எட்டிப்பார்த்தது. புதுச்சட்டை வந்தபோது எழுத்தர் சிரித்தேவிட்டார். மூப்பர் மட்டும் தன்னைத் திரையில் பார்க்கக் கூச்சப்பட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

“இதெல்லாம் ஜோடிச்சது சார்” என்று வக்கீல் எழுந்தார். “ஆளே இங்க நிக்கிறாரு. நேரா கேட்டுருங்க. அவர் வாயால சொல்லட்டும்.”

அதிகாரி மூப்பரைப் பார்த்து, “அய்யா, அந்த மலையில குவாரி வர்றதுல உங்களுக்குச் சம்மதமா? உங்க வாயால ஒரு வார்த்தை சொல்லுங்க” என்றார்.

மூப்பர் தரையைப் பார்த்தார். மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. ஒரு முறை, ஒரே ஒரு முறை, வேண்டாம் என்று சொல்லிவிடுங்களேன் என்று கத்தவேண்டும் போலிருந்தது எனக்கு. நான் வாயைத் திறப்பதற்குள் அக்கா என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தார். அந்தப் பிடியில் என் வளையல் நசுங்கியது. நான் பேசவில்லை.

மூப்பர் நிமிர்ந்து, “சரிங்க” என்றார்.

வக்கீல் துள்ளாத குறை. “சொல்லிட்டாரு சார்! எல்லாருக்கும் கேட்டுச்சு. பதிவு பண்ணிக்கங்க!”

“இருங்க” என்று அதிகாரி கையைக் காட்டினார். அவர் கண் மூப்பரை விட்டு அகலவில்லை.

மூப்பர் தோளில் கிடந்த துண்டை எடுத்து உதறினார். அதிகாரியை நோக்கிக் கும்பிட்டார். வக்கீலையும் கும்பிட்டார். திரும்பி, வாசலுக்கு வெளியே கழற்றிப் போட்டிருந்த செருப்பை மாட்டிக்கொண்டு நடந்தார். சுவரோரம் நின்ற மற்றவர்களும் ஒருவர் பின் ஒருவராக வெளியேறினார்கள். அவர்கள் மாடிப்படி இறங்குகிற சத்தம் கேட்டது. கடைசி ஆளின் சத்தமும் அடங்கும்வரை அதிகாரி காத்திருந்தார்.

“சம்மதம் இல்லைன்னு எழுதுங்க” என்றார்.

எழுத்தர் தயங்கினார். “சார், அவர் சரின்னுதான சார் சொன்னாரு?”

“அவர் சொல்லிட்டுத்தான்யா போறாரு. எழுதுங்க.”